உதட்டுக்கு ஒட்டிய வசனம்

ஜூன் 3, செவ்வாய்

மருந்துக் கடைக்காரர் ஜனவரியில் கொடுத்த டைரி இது. ஐந்து மாதம் கேஸ் அடுப்புக்குப் பக்கத்தில் கிடந்து ஓரமெல்லாம் எண்ணெய் ஏறிவிட்டது. பாதி வருஷம் போன பிறகு டைரி எழுத உட்காருகிறவள் ஊரில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். நாள் முழுக்க ராஜாவும் ராணியும் பேசுவதை எழுதுகிறேன். எனக்கென்று நாலு வரி எழுதினால் ஒன்றும் குறைந்துவிடாது.

57-ஆம் எபிசோட் முடிந்தது. சீரியல் பெயர் 'ஓலை சொன்ன காதல்'. இந்தியிலிருந்து தமிழுக்கு டப்பிங், தமிழ் வசனம் நான். தாரிணி வானத்திலிருந்து விழுந்த நட்சத்திரப் பெண், ருத்ரவீர் மண்ணை ஆளும் ராஜா. வானக் கோயிலில் ஓர் ஓலை இருக்கிறது. அதில் இவர்கள் பெயரை ஏழு ஜென்மத்துக்கும் சேர்த்து எழுதிவைத்திருக்கிறார்கள். அதனால் மந்திரி விஷம் வைத்தாலும், மலை இடிந்து விழுந்தாலும், கடைசியில் காற்று வீசும், முந்தானை பறக்கும், இருவரும் ஒருவர் கண்ணை ஒருவர் பார்த்துக்கொண்டு மூன்று நிமிஷம் நிற்பார்கள். அந்த மூன்று நிமிஷம் எனக்கு ஓய்வு.

மற்ற நேரமெல்லாம் உதடு பார்க்கிற வேலை. அவள் வாய் மூடித் திறக்கிற இடத்தில் ஒரு 'ப'வோ 'ம'வோ வந்து விழ வேண்டும். சத்தமும் உதடும் சேர்ந்துவிட்டால் அர்த்தம் கொஞ்சம் முன்னே பின்னே இருந்தாலும் யாரும் கேட்கமாட்டார்கள். இருபது வருஷமாக இதுதான் என் பிழைப்பு.

ஜூன் 5, வியாழன்

ஸ்டுடியோ. நாதன் சார் ருத்ரவீருக்குப் பேசும் நாள். முழுப் பெயர் சிதம்பரநாதன். நாற்பத்தெட்டு வயது, தலையில் பாதி வெள்ளை, சட்டைப் பையில் எப்போதும் ஒரு சுக்குத் துண்டு. வாயைத் திறந்தால் இருபத்தைந்து வயது ராஜா.

முன்பெல்லாம் ஹீரோவுக்குப் பேசுகிறவரும் ஹீரோயினுக்குப் பேசுகிறவரும் ஒரே மைக் முன்னால் நிற்பார்கள். இப்போது அவரவர் தனித்தனியாக வந்து பேசிவிட்டுப் போகிறார்கள். ருத்ரவீர் வியாழக்கிழமை "உயிரே" என்பான், தாரிணி சனிக்கிழமை "சொல்லுங்கள்" என்பாள். நடுவில் உட்கார்ந்து இரண்டையும் ஒட்டுகிறவர் சவுண்ட் இன்ஜினியர் ஜெரால்டு. மூன்று மாதமாகக் காதலிக்கிற அந்த இரண்டு குரலும் இன்னும் நேரில் பார்த்துக்கொள்ளவில்லை.

பிளாஸ்க்கில் சீரகத் தண்ணீர் கொண்டுபோயிருந்தேன். தொண்டையை வைத்துப் பிழைக்கிறவர்களுக்கு நல்லது. ஜெரால்டு, எனக்கும் தொண்டை இருக்கிறது மேடம் என்றார். அவருக்கு அடுத்த வாரம் கொடுக்கலாம்.

இன்று நாதன் சார் ஒன்று கேட்டார். ஒரு காட்சியில் ருத்ரவீர் ஜன்னல் பக்கம் திரும்பி நிற்கிறான். மூலத்தில் பேச்சே கிடையாது. நான் அங்கே இரண்டு வரி எழுதியிருந்தேன்: "சாப்பிட்டாயா? உன் குரல் களைத்திருக்கிறது." முதுகு தெரியும் இடத்தில் உதடு கிடையாது, என்ன வேண்டுமானாலும் எழுதலாம். எங்கள் தொழிலில் கிடைக்கிற ஒரே சுதந்திரம் அது. மேடம், போன வாரமும் முதுகு ஷாட்டில் ரெண்டு வரி இருந்ததே என்றார். கதாபாத்திரத்துக்கு ஒரு கனிவு வேண்டாமா என்றேன். அவர் சிரித்துவிட்டு அதைப் பேசினார். நன்றாகத்தான் பேசினார்.

ஜூன் 6, வெள்ளி

தண்ணீர் லாரி வரவில்லை. மூன்று மாடி ஏறி இறங்கி ஆறு குடம்.

ஜூன் 9, திங்கள்

அடுத்த ஐந்து எபிசோட் வந்தது. இந்தியிலேயே கதை இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது, அதனால் வாரத்துக்கு ஐந்துதான் அனுப்புவார்கள். மேலே என்ன நடக்கும் என்று எனக்கும் தெரியாது, சேனலுக்கும் தெரியாது.

61-இல் பெரிய காட்சி. தாரிணி முதல் தடவையாகக் காதலைச் சொல்கிறாள். அவள் சொல்வது: "நம் பெயர்கள் ஓலையில் எழுதியிருக்கின்றன, அதனால் நான் உன்னைக் காதலிக்கிறேன்." இதைக் கேட்டதும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. எழுதியிருப்பதால் காதலிக்கிறாளாம். எழுதியிருப்பதைப் பார்த்துச் செய்ய ரேஷன் கார்டா அது?

எனக்கும் எழுதித்தான் வைத்திருந்தார்கள். இருபத்துநாலு வயதில், பத்துக்குப் பத்துப் பொருத்தம். ஜோசியர் தன் சர்வீஸில் இப்படி ஒரு ஜோடி பார்த்ததில்லை என்று அப்பாவிடம் சொன்னார். கல்யாணம் பத்தொன்பது மாதம் தாங்கியது. அவர் இப்போது ஓசூரில் இரண்டு பிள்ளைகளோடு இருக்கிறார். கெட்டவர் இல்லை. ஒரே வீட்டில் இருந்துகொண்டு என்னிடம் பேசுவதற்கு அவருக்கு ஒன்றுமே இருக்கவில்லை, அவ்வளவுதான்.

நாலு விதமாக எழுதிப் பார்த்துவிட்டு இதை வைத்தேன்: "ஓலையில் எழுதாமல் போயிருந்தாலும் நான் உன்னைத்தான் விரும்பியிருப்பேன்." வேறு எதுவும் சரிப்படவில்லை. உதட்டுக்கு அதுதான் ஒட்டியது.

ஜூன் 12, வியாழன்

மின்சாரம் போய் ஒரு மணி நேரம் ரெக்கார்டிங் நின்றது. நாதன் சாரும் நானும் மாடிப்படியில் உட்கார்ந்து டீ குடித்தோம். ஜெரால்டு ஜெனரேட்டர் ஆளோடு சண்டை போடப் போயிருந்தார்.

நாதன் சாருக்கு ஒரு சம்பந்தம் வந்திருக்கிறதாம். அவர் மனைவி தவறி எட்டு வருஷம் ஆகிறது. அவருடைய அக்கா ஸ்ரீரங்கத்தில் இருக்கிறார், அவர் பார்த்த இடம். லால்குடியில் பள்ளிக்கூட டீச்சர், அந்த அம்மாளுக்கும் கணவர் இல்லை, பிள்ளைகள் இல்லை. ஜாதகம் பார்த்ததில் ஒன்பது பொருத்தம். அக்கா விடாமல் போன் செய்கிறாராம். இதையெல்லாம் டம்ளரைப் பார்த்துக்கொண்டே சொன்னார். பிறகு நிமிர்ந்து கேட்டார்.

"நீங்க என்ன சொல்றீங்க மேடம்?"

"ஒன்பது பொருத்தம்னா நல்ல இடம்தான் சார். எழுதியிருந்தா நடக்கும். நாம என்ன சொல்றதுக்கு இருக்கு?"

சரி மேடம் என்றார் அவர். டம்ளரை வாங்கிக் குழாயடியில் கழுவினார், என்னுடையதையும் சேர்த்து. மின்சாரம் வந்துவிட்டது. மிச்சம் இருந்த இருபத்தாறு வசனத்தையும் ஒரே டேக்கில் முடித்துக் கொடுத்தார்.

ஒருவர் யோசனை கேட்டால் அவருக்கு நல்லது எதுவோ அதைத்தான் சொல்ல வேண்டும். சொல்லிவிட்டேன்.

ஜூன் 13, வெள்ளி

பிளாஸ்க்கை ஸ்டுடியோவிலேயே விட்டுவிட்டு வந்திருக்கிறேன். போய் எடுக்கவில்லை.

ஜூன் 19, வியாழன்

61 ஒளிபரப்பானது. சேனலில் பொறுப்பாக இருக்கும் பிரணதி போன் செய்தாள். அந்த வசனம் பயங்கரமாகப் பிடித்துவிட்டதாம். 'எழுதாமல் போயிருந்தாலும்' என்று புரோமோ வெட்டி அரை மணிக்கு ஒரு தடவை போடப்போகிறார்களாம். மூலத்தில் இப்படி இல்லையே என்று அவளும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

நாதன் சார் இன்று வரவில்லை. தன் பகுதியைப் புதன்கிழமையே வந்து பேசிவிட்டு ஸ்ரீரங்கம் போய்விட்டார் என்று ஜெரால்டு சொன்னார். நான் கேட்கவில்லை, அவராகத்தான் சொன்னார்.

மாலையில் கீழ்வீட்டு டிவியிலிருந்து என் வசனம் மாடிவரை கேட்டது. கதவைச் சாத்திக்கொண்டேன்.

ஜூன் 23, திங்கள்

71 முதல் 75 வரை வந்தது. 72-ஐப் பார்த்து முடித்ததும் எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு திரும்ப ஒரு தடவை பார்த்தேன். கதை மாறவில்லை.

ஓலை போலியாம். மந்திரி தன் கையால் எழுதி வானக் கோயிலில் வைத்திருக்கிறான். இந்த இருவருக்கும் எந்த ஜென்மத்திலும் முடிச்சே கிடையாது. உடனே தாரிணி ருத்ரவீரைப் பார்த்து, எழுதியிருந்ததால்தான் உன்னைக் காதலித்தேன், எழுத்தே பொய் என்றால் என் மனதில் இருப்பது என்ன என்று கேட்டுவிட்டுப் பிரிந்து போகிறாள். அதற்கு முன்னால் 61-ஆம் எபிசோட் காட்சி நினைவாக மறுபடி வருகிறது. இனிமேல் கதை முழுக்க அந்த ஒரு வசனத்தின் மேல்தான் நிற்கிறது.

தமிழ்த் தாரிணியோ எழுதாவிட்டாலும் நீதான் என்று ஏற்கெனவே சொல்லிவிட்டாள். புரோமோவில் அரை மணிக்கு ஒரு தடவை சொல்லிக்கொண்டிருக்கிறாள். அப்படிச் சொன்னவள் ஓலை போலி என்று தெரிந்ததும் எதற்குப் பிரிந்து போக வேண்டும்? "அதனால் என்ன?" என்று சிரித்துவிட்டுப் போகலாமே. மேலே என்ன வரும் என்று தெரியாமல் வசனத்தைத் திருப்பிவிட்டது என் குற்றம். இருபது வருஷத்தில் இப்படிச் செய்ததில்லை.

ஜூன் 24, செவ்வாய்

பிரணதி இரண்டு தடவை கூப்பிட்டாள். முதல் தடவை அழுதாள், இரண்டாம் தடவை கோபப்பட்டாள். பழைய வசனத்தை மாற்ற வழியில்லை, ஊர் முழுக்கக் கேட்டாயிற்று. வெள்ளிக்கிழமைக்குள் நான் ஒரு வழி சொல்ல வேண்டும், இல்லையென்றால் வேறு ஆளை வைத்துக்கொள்வார்கள். என் மேல் தப்பு என்று ஒப்புக்கொண்டேன். அவள் அதை எதிர்பார்க்கவில்லைபோல, சரி சாப்பிடுங்க மேடம் என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாள்.

ஜூன் 26, வியாழன்

மூன்று நாளாகத் தாரிணியின் உதட்டையே பார்த்துக்கொண்டிருக்கிறேன். அவளுக்கு ஞாபகமறதி, மந்திரி சூனியம் வைத்தான், 61-இல் பேசியது தாரிணியே இல்லை, அவள் உருவத்தில் வந்த வேறு பெண் என்றெல்லாம் எழுதிப் பார்த்தேன். எல்லாம் குப்பை.

பகலில் வீட்டைப் பெருக்கினேன். பரணில் இருந்த பழைய ஸ்கிரிப்ட் கட்டுகளை எடைக்குப் போட்டேன். பாட்டில்களைக் கழுவினேன். சமைக்காமல் தயிரும் ஊறுகாயும் போட்டுச் சாப்பிட்டேன். ஸ்டுடியோவுக்குப் போனால் நாதன் சார் இருக்கமாட்டார் என்பதால் போகவில்லை. இதை எழுதிவிட்டுப் பார்க்கிறேன், 'இருப்பார் என்பதால்' என்று எழுத நினைத்தேன். இரண்டும் உண்மைதான், விட்டுவிடுகிறேன்.

தமிழ்த் தாரிணி அன்று பொய் சொன்னாளா என்றுதான் பார்க்க வேண்டும். பொய்யும் இல்லை. ஏதோ ஒரு தைரியத்தில் சொல்லியிருக்கிறாள். அந்தத் தைரியம் இப்போது எங்கே போயிற்று?

ஜூன் 27, வெள்ளி

காலையில் பல் தேய்க்கும்போது கிடைத்தது. வாயைக் கொப்பளித்துவிட்டு அப்படியே உட்கார்ந்து எழுதினேன்.

"எழுதியிருக்கிறது என்ற தைரியத்தில்தான் அன்று அப்படிச் சொன்னேன், ருத்ரா. எப்படியும் நீ எனக்குத்தான் என்று தெரிந்திருந்தது. தோற்க வழியில்லாதபோது வீரம் பேசினேன். இன்று ஓலை இல்லை. நீ மாட்டேன் என்றும் சொல்லலாம். இன்று அதையே சொல்ல எனக்குப் பயமாக இருக்கிறது."

அவள் பிரிந்து போவதற்குக் காரணமும் வந்துவிட்டது. கேட்கப் பயந்துகொண்டு போகிறாள். உதடும் ஒட்டியது. பிரணதி போனில் படிக்கச் சொல்லிக் கேட்டாள். மேடம் இது ஒரிஜினலை விட நல்லா இருக்கு, எப்படி யோசிச்சீங்க என்றாள். அனுபவம் என்றேன். வேலை அனுபவத்தைச் சொன்னேன்.

மத்தியானம் அதைச் சுத்தமாக நகல் எடுத்தேன். 'நீ மாட்டேன் என்றும் சொல்லலாம்' என்ற இடத்தில் கை நின்றுவிட்டது. அன்றைக்கு மாடிப்படியில் நான் பேசியது விதியைப் பற்றி இல்லை. விதியில் எனக்கு நம்பிக்கையே கிடையாது. அவர் மாட்டேன் என்று சொல்லிவிடுவாரோ என்று பயந்து அதன் பின்னால் ஒளிந்துகொண்டேன். இவ்வளவு நாள் இதை எழுதாமல் சீரகத் தண்ணீரைப் பற்றி எழுதிக்கொண்டிருந்திருக்கிறேன்.

நாதன் சாரை எனக்குப் பிடித்திருக்கிறது. அதிகமாகப் பிடித்திருக்கிறது. செவ்வாய்க்கிழமை அவருக்கு 72-இன் ரெக்கார்டிங் இருக்கிறது. சொல்லிவிடுவேன்.

ஜூன் 29, ஞாயிறு

போனில் சொல்லிவிடலாமா என்று எடுத்தேன். வைத்துவிட்டேன். நேரில்தான் சொல்ல வேண்டும். தலைக்குக் குளித்தேன். நாள் நகரவில்லை.

ஜூலை 1, செவ்வாய்

அவர் காலை பத்து மணிக்கு வந்தார். கொஞ்சம் கறுத்திருந்தார். ஊர் வெயில் என்றார். நேராகக் கண்ணாடி அறைக்குள் போய் ஹெட்போன் மாட்டிக்கொண்டார். தாரிணி பேசி முடித்ததும் ருத்ரவீர் திரும்பிக்கொண்டு நிற்கும் இடம் வந்தது. முதுகு ஷாட், பதினாலு நொடி. முதல் தடவையாக நான் அங்கே ஒன்றும் எழுதவில்லை.

ரெக்கார்டிங் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஜெரால்டுக்கு வீட்டிலிருந்து போன் வந்தது. ஒரு நிமிஷம் மேடம் என்று வெளியே போனார். நாதன் சார் பேப்பரைத் திருப்பிப் பார்த்துவிட்டு, இங்க என்ன சொல்லணும் மேடம், காலியா இருக்கே என்றார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவர், இந்தப் பக்கம் நான். உள்ளே பேசுவதற்கான பொத்தானை அமுக்கினேன்.

"சார், அன்னைக்கு மாடிப்படியில என்ன சொல்றீங்கன்னு கேட்டீங்க. நான் சொன்னது பொய். எனக்கு அந்த சம்பந்தம் பிடிக்கல. உங்களைப் பிடிச்சிருக்கு. சொல்லப் பயமா இருந்துது, அதான் எழுதியிருந்தா நடக்கும்னு சொல்லிட்டேன்."

பொத்தானிலிருந்து விரலை எடுத்தேன். அவர் மைக்கைப் பார்த்தபடி அப்படியே நின்றார். பிறகு ஹெட்போனைக் கழற்றி ஸ்டாண்டில் மாட்டிவிட்டு வெளியே வந்து கதவைச் சாத்தினார். என் எதிரில் உட்காரவில்லை, நின்றுகொண்டே சொன்னார்.

"ஞாயித்துக்கிழமை நிச்சயம் ஆயிடுச்சு மேடம்."

நான் தலைக்குக் குளித்துவிட்டுப் போனை எடுத்து எடுத்து வைத்த அந்த ஞாயிற்றுக்கிழமை.

"உங்ககிட்ட கேட்டுட்டுத்தான் அக்காவுக்குப் பதில் சொன்னேன். முதுகு ஷாட்ல நீங்க எழுதுறதெல்லாம் பேசிப் பேசி, எனக்கும் ஒரு நினைப்பு இருந்துது. அதனாலதான் கேட்டேன். வேண்டாம்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா போதும்."

"ஆமா சார். நான்தான் சொல்லல."

"அந்தம்மா ஒருதடவை எல்லாம் இழந்து உக்காந்தவங்க. இப்ப நான் போய் வேண்டாம்னு..."

"போகாதீங்க சார். நிறுத்தணும்னு சொல்லல. இதையும் சொல்லாம விட்டா, எனக்கு எழுதி வைக்கலன்னு சொல்லிக்கிட்டே மிச்ச காலத்தையும் ஓட்டிடுவேன். அதுக்குத்தான்."

அவர் தலையை ஆட்டினார். ஜெரால்டு வரும் சத்தம் கேட்டதும் உள்ளே போய் மறுபடி ஹெட்போன் மாட்டிக்கொண்டார். குரலில் ஒரு பிசிறு இல்லாமல் பாக்கியைப் பேசி முடித்தார். தொழில்காரர். காலி இடத்தைப் பற்றி அவர் மறுபடி கேட்டபோது, ஒன்றும் வேண்டாம் சார், மூலத்தில் இருக்கிறபடி விட்டுவிடலாம் என்றேன். கிளம்பும்போது, ஆவணியில் கல்யாணம், பத்திரிகை அனுப்புகிறேன் என்றார். அனுப்புங்கள் என்றேன்.

ஜூலை 2, புதன்

இன்று முழுக்க யார் மேலாவது பழி போட முயன்றேன். அவருடைய அக்கா, ஜோசியர், பத்துப் பொருத்தம் பார்த்த என் அப்பா, மின்சார வாரியம். யார் மேலும் நிற்கவில்லை. அவர் என்னைக் கேட்டார், நான் ஒன்று சொன்னேன், அவர் அதை நம்பினார். இதில் வேறு யாரும் எதையும் எழுதிவைக்கவில்லை.

சாப்பாடு இறங்கவில்லை. மோர் குடித்தேன்.

ஜூலை 3, வியாழன்

72-க்கு மிக்ஸிங், குரலையும் மற்ற சத்தத்தையும் சேர்க்கிற வேலை. போக வேண்டாம் என்றுதான் இருந்தேன். சேனல் கேட்டதால் போனேன். ஜெரால்டு என்னைப் பார்த்ததும் உற்சாகமாகக் கூப்பிட்டார். செவ்வாய்க்கிழமை போன் பேசப் போனபோது ரெக்கார்டிங்கை நிறுத்தாமல் போய்விட்டாராம். அதில் ஒன்று பதிவாகியிருக்கிறதாம்.

"நாதன் சார் ஒரு மூச்சு விட்டிருக்காரு மேடம். இப்படி ஒரு மூச்சை நான் கேட்டதே இல்ல. அந்தப் பதினாலு நொடியில வெச்சா அள்ளிடும்."

போட்டுக் காட்டினார். நான் பொத்தானை அமுக்கிப் பேசியது அதில் இல்லை, அது அவர் காதுக்கு மட்டும் போனது. முதலில் பேப்பர் சரசரப்பு, காலியா இருக்கே என்ற அவர் குரல். பிறகு நீண்ட நேரம் ஒன்றுமே இல்லை. பிறகு மூச்சை உள்ளே இழுக்கிறார், ஏதோ சொல்லப் போகிறவரைப்போல. அங்கேயே நிற்கிறது. கடைசியில் அது கொஞ்சம் கொஞ்சமாக, உடைந்து உடைந்து வெளியே வருகிறது. அப்புறம் ஹெட்போன் வைக்கும் சத்தம்.

இன்னொரு தடவை போடச் சொன்னேன். கேட்டேன்.

"அழிச்சிடுங்க ஜெரால்டு."

அவர் நம்பவில்லை. முதுகு ஷாட்தானே மேடம், உதடு பிரச்சினையே இல்லையே, எதை வைத்தாலும் ஒட்டுமே என்றார். அது ருத்ரவீருடையது இல்லை என்றேன். ஜெரால்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். எதுவும் கேட்காமல் கோப்பைத் தேடி அழித்தார். அழிந்துவிட்டதா என்று நானும் ஒருமுறை பார்த்துக்கொண்டேன். அந்த இடத்தில் வெறும் காற்றுச் சத்தம் போட்டு முடித்தோம்.

வீட்டுக்கு வந்து நன்றாக அழுதேன். நாலு மாதமாக அவர் வாயில் நான் எழுதிக் கொடுத்த கனிவெல்லாம் என் சொந்தச் சரக்கு. அந்த மூச்சு ஒன்றுதான் நான் எழுதாமல் அவராக எனக்குக் கொடுத்தது. அதை ஊர் கேட்கத் தேவையில்லை.